பட்டா சித்தப்பா பேரில், பத்திரம் தாத்தா பேரில்: பைபாஸ் இழப்பீடு யாருக்கு?

#1 மேட்டுப்புஞ்சை

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் பக்கம் தேசிய நெடுஞ்சாலைக்கு பைபாஸ் போடுகிறார்கள். தாத்தா 1961-ல் கிரயம் வாங்கிய புஞ்சை 1 ஏக்கர் 62 சென்ட். அதில் 48 சென்ட் ரோட்டுக்குப் போகிறது. நிலம் எடுக்கப்போகிறோம் என்கிற 3-ஏ அறிவிப்பு, எடுப்பை உறுதி செய்கிற 3-டி எல்லாம் முடிந்து, இப்போது இழப்பீட்டை முடிவு செய்கிற 3-ஜி விசாரணைக்குப் பேப்பரில் விளம்பரம் வந்திருக்கிறது. எங்கள் சர்வே நம்பருக்கு நேராக சித்தப்பா பெயர் மட்டும்தான் இருக்கிறது.

தாத்தா 1978-ல் உயில் எதுவும் எழுதாமல் இறந்தார். அப்பா மில் வேலைக்கு வெளியூர் போனவர், அங்கேயே தங்கிவிட்டார். ஊரில் இருந்து உழுதது, கிஸ்தி கட்டியது சித்தப்பா. யு.டி.ஆர். (நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த திட்டம்) சமயத்தில் பட்டா அவர் பேரில் ஏறிவிட்டது. அப்பா 2009-ல் போய்விட்டார். நான், அம்மா, தங்கை மூன்று பேர் இருக்கிறோம்.

போன வாரம் சித்தப்பா மகனிடம் பேசினேன். "பட்டா எங்க பேர்ல இருக்கு, நீ கோர்ட்டுக்கே போ" என்கிறான். நில எடுப்பு அலுவலகத்தில் கேட்டால், "பட்டா யார் பேரில் இருக்கிறதோ அவருக்குத்தான் செக்" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். எங்களுக்குப் பாதிப் பங்கு கிடைக்குமா? என்ன செய்ய வேண்டும்?

#2 சாலையோரம்

அலுவலகத்தில் சொன்னது சரிதான் நண்பரே. பட்டா இருந்தால்தான் ஓனர். நாற்பது வருடமாகத் தூங்கிவிட்டு, பணம் வரும்போது எழுந்தால் எப்படி?

#3 ஓய்வுபெற்ற ஆர்.ஐ.

சாலையோரம், தப்பு. பட்டா என்பது கிஸ்தி வசூலிக்க யாரைப் பிடிப்பது என்பதற்கான கணக்கு. அது உரிமை ஆவணம் ஆகாது என்று சென்னை உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் எத்தனை தடவை சொல்லியிருக்கின்றன என்பதற்குக் கணக்கே இல்லை.

நான் சர்வீஸில் கொஞ்ச காலம் நில எடுப்புப் பிரிவில் இருந்தவன். பெயர்ப் பட்டியல் எப்படித் தயாராகிறது என்று சொல்கிறேன். திட்ட வரைபடத்தில் எந்தெந்த சர்வே நம்பர் விழுகிறது என்று குறிப்போம். கிராம நிலக் கணக்குகளான அ-பதிவேட்டையும் சிட்டாவையும் எடுத்து, அந்த நம்பருக்கு நேராக இருக்கிற பெயரை அப்படியே இறக்குவோம். மூலப்பத்திரத்தை யாரும் பார்ப்பதில்லை, பார்க்க நேரமும் இல்லை. ஒரு கிராமத்துக்கு நூற்றுக்கணக்கில் உட்பிரிவு வரும். அதில் செத்துப்போனவர் பெயர் இருக்கும், விற்றவர் பெயர் இருக்கும், "கந்தன் வகையறா" என்று மொட்டையாகவும் இருக்கும். அதைச் சரிசெய்யத்தான் விசாரணை என்று ஒன்று வைத்து, "உரிமை உள்ளவர்கள் ஆஜராகுங்கள்" என்று விளம்பரம் கொடுக்கிறார்கள். யாரும் வராவிட்டால் பட்டியலில் உள்ளபடி செக் போகும். அலுவலகத்தில் சொன்ன ஒரே வரியின் முழு அர்த்தம் அதுதான்.

யு.டி.ஆர். பற்றி ஒரு வார்த்தை. 1979-ல் ஆரம்பித்து 1987 வரை நடந்தது. ஊரில் யார் இருந்தாரோ, சர்வேயருக்கு யார் எல்லைக்கல் காட்டினாரோ, அவர் பெயர் பல இடங்களில் ஏறிவிட்டது. வெளியூரில் இருந்த அண்ணன் தம்பிக்கு விஷயமே தெரியாது. இப்படி ஒரு தலைமுறையே மாட்டிக்கொண்டது. உங்கள் சித்தப்பா திட்டமிட்டுச் செய்தார் என்று இப்போதே முடிவு கட்டாதீர்கள்.

#4 குமாஸ்தா

நில எடுப்பு மனுக்கள் (ஓ.பி.) அதிகம் நடத்தும் ஒரு வக்கீல் ஆபீஸில் நான் 22 வருடமாக குமாஸ்தா. வக்கீல் இல்லை. அதை மனதில் வைத்துப் படியுங்கள்.

முதலில் ஒன்றைப் பிரித்துக்கொள்ளுங்கள். இழப்பீட்டில் இரண்டு சண்டை இருக்கிறது. "எவ்வளவு" என்பது ஒன்று, "யாருக்கு" என்பது இன்னொன்று. முதல் சண்டை அரசோடு. இரண்டாவது சொந்தக்காரரோடு. இரண்டுக்கும் கதவு வேறு, கெடுவும் வேறு. ஒரே மனுவில் இரண்டையும் போட்டுக் குழப்பி, இரண்டையும் கோட்டை விட்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

உங்களுடையது தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம், 1956. தொகை குறைவு என்றால் 3-ஜி(5)-படி நடுவரிடம் போக வேண்டும், பெரும்பாலும் அது மாவட்ட கலெக்டர். பங்கில் தகராறு என்றால் 3-எச்(4). அதன்படி நிலம் இருக்கிற பகுதியின் முதன்மை சிவில் கோர்ட்டுக்கு, அதாவது ஜில்லா கோர்ட்டுக்கு, அந்தத் தகராறை நில எடுப்பு அதிகாரி அனுப்பி வைக்க வேண்டும். அவரே உட்கார்ந்து "இவருக்குப் பாதி, அவருக்குக் கால்" என்று தீர்ப்பு சொல்ல முடியாது. உத்தரப் பிரதேசத்தின் மாவ் மாவட்டத்திலிருந்து போன வினோத் குமார் வழக்கில், 2023-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லிவிட்டது. 3-எச்(3)-படி யாருக்கெல்லாம் பணம் சேர வேண்டும் என்று அதிகாரி பார்க்கலாம்; தகராறு என்று வந்துவிட்டால் கோர்ட்தான்.

எனவே விசாரணைத் தேதிக்குள் எழுத்து மூலமாக ஆட்சேபணை கொடுங்கள். 1961 கிரயப் பத்திரத்தின் நகல், தாத்தாவின் இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, வில்லங்கச் சான்று எல்லாம் இணைத்து, "பங்குத் தகராறு இருக்கிறது, யாருக்கும் பட்டுவாடா செய்யாமல் 3-எச்(4)-படி கோர்ட்டுக்கு அனுப்பவும்" என்று கேளுங்கள். ஒப்புகைச் சீட்டோடு பதிவுத் தபாலில் ஒன்று, நேரில் கொடுத்து சீல் வாங்கிய நகல் ஒன்று. அந்த சீல்தான் நாளைக்கு உங்கள் ஆயுதம்.

இதற்கு முன் உங்களிடம் இரண்டு கேள்வி. ஒன்று, தாத்தாவுக்குப் பெண் பிள்ளைகள் இல்லையா? "பாதிப் பங்கு" என்று எழுதியிருக்கிறீர்களே, அதனால் கேட்கிறேன். இரண்டு, அப்பாவும் சித்தப்பாவும் எப்போதாவது பாகம் பிரித்ததாகக் கூர்ச்சீட்டு ஏதாவது எழுதிக்கொண்டார்களா?

#5 கம்மாய்க்கரை

இடையில் புகுவதற்கு மன்னிக்கவும். நான் ஒரு புஞ்சை வாங்கினேன். பத்திரம் பதிந்து மூன்று மாதம் கழித்துத்தான் தெரிந்தது, நான் வாங்குவதற்கு முன்பே அந்த நிலத்துக்கு நில எடுப்பு அறிவிப்பு வந்துவிட்டது என்று. விற்றவர் இப்போது இழப்பீடும் தனக்கே என்கிறார். நான் என்ன செய்ய?

#6 குமாஸ்தா

கம்மாய்க்கரை, அறிவிப்புக்குப் பிறகு வாங்கியவர் எடுப்பையே எதிர்த்து வழக்குப் போட முடியாது. இதைப் பல தீர்ப்புகள் சொல்கின்றன, வி. சந்திரசேகரன் வழக்கு, 2012, தமிழ்நாட்டு வீட்டு வசதி வாரிய நிலம் பற்றியதுதான். ஆனால் விற்றவருக்கு என்ன இழப்பீடு வர வேண்டுமோ, அதை அவர் இடத்தில் நின்று கேட்கலாம். பதிவான கிரயப் பத்திரம் இருப்பதால் உங்கள் நிலை மோசமில்லை. வெறும் கிரய ஒப்பந்தம், பவர் என்று வைத்திருந்தால்தான் கஷ்டம். உங்களுடையது 2013 நில எடுப்புச் சட்டப்படியான எடுப்பு என்றால், 11-ம் பிரிவு அறிவிப்புக்குப் பிறகு கலெக்டர் அனுமதி இல்லாமல் கிரயமே செய்யக்கூடாது என்று 11(4) சொல்கிறது. அதனால் தேதிகளை வைத்துக்கொண்டு ஒரு வக்கீலைப் பாருங்கள். தனி இழை போட்டால் விரிவாக எழுதுகிறேன்.

#7 மேட்டுப்புஞ்சை

குமாஸ்தா ஐயா, நன்றி. இரண்டு கேள்விக்கும் பதில்.

அத்தை ஒருவர் இருக்கிறார். 1974-ல் கல்யாணம் ஆனது. 20 பவுன் போட்டுத்தான் அனுப்பினார்கள். அவர் இதுவரை எதுவும் கேட்டதில்லை. அதனால்தான் எழுதவில்லை.

கூர்ச்சீட்டு பற்றி அம்மாவிடம் நேற்றுதான் கேட்டேன். 1982-ல் வெள்ளைத்தாளில் ஒன்று எழுதினார்களாம். ஊரில் இருக்கும் வீடும் அதை ஒட்டிய காலிமனையும் அப்பாவுக்கு, புஞ்சை சித்தப்பாவுக்கு. அப்பா கையெழுத்து இருக்கிறதாம். அந்த வீட்டை அப்பா 1996-ல் விற்றுவிட்டார். ஆனால் அது பதிவு செய்யாத தாள். செல்லாது அல்லவா?

#8 சாலையோரம்

😀 இப்போதுதான் கதையே வெளியே வருகிறது.

#9 வரப்போரம்

தம்பி, கோபித்துக்கொள்ளாதீர்கள். சித்தப்பா உங்கள் பங்கை மறைத்தார் என்று வந்தீர்கள். நீங்களும் அத்தையை மறைத்துவிட்டீர்கள். 20 பவுன் போட்டால் சொத்துரிமை போய்விடும் என்று எந்தச் சட்டத்திலும் இல்லை.

நான் இரண்டாவது அண்ணன்காரனோடு இதே சண்டையை வேறு பக்கத்திலிருந்து போட்டவள். நான் அத்தை ஸ்தானத்தில் இருந்தேன். "அவள் கேட்கவில்லையே" என்பதுதான் எங்கள் வீட்டிலும் சொன்னது. ஒரு பெண் அண்ணன் தம்பியிடம் கேட்காமல் இருப்பதற்கு ஆயிரம் காரணம் உண்டு. தாய்வீடு என்று போய் நிற்க ஒரு வாசல் வேண்டும் என்பதே பாதிக் காரணம். அதை விட்டுக்கொடுத்ததாகக் கணக்கு எழுதாதீர்கள்.

#10 குமாஸ்தா

வரப்போரம் அம்மா சொன்னதற்குச் சட்டத்தின் பக்கத்தை மட்டும் சேர்க்கிறேன்.

தாத்தா சொந்தமாகக் கிரயம் வாங்கிய நிலம். உயில் இல்லாமல் 1978-ல் இறந்தார். இந்து வாரிசுரிமைச் சட்டம் 1956-லிருந்தே மனைவி, மகன், மகள் எல்லோருக்கும் சம பங்கு. இதற்கு 1989 தமிழ்நாட்டுத் திருத்தமோ 2005 திருத்தமோ தேவையே இல்லை. அவை பூர்வீகக் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளைப் பங்காளி ஆக்கியவை. சுயார்ஜித சொத்தில் மகளுக்கு அதற்கு முன்பே உரிமை உண்டு. இதைப் போட்டுக் குழப்பிக்கொள்ளாத ஆளே கிடையாது, சில வக்கீல்கள் உட்பட.

தாத்தா போனபோது பாட்டி, இரண்டு மகன், ஒரு மகள் என்றால் ஆளுக்குக் கால். பாட்டியும் உயில் எழுதாமல் போயிருந்தால் அவர் கால் மூன்று பேருக்கும் பிரியும். ஆக ஆளுக்கு மூன்றில் ஒன்று. 48 சென்ட்டில் 16 சென்ட். அப்பாவின் 16 சென்ட் உங்கள் மூவருக்கும் சமமாக. பாதி என்பது எந்தக் கணக்கிலும் வராது.

இப்போது கூர்ச்சீட்டு. "பதியாத தாள், செல்லாது" என்பது அரை உண்மை. பாகப்பிரிவினையை அந்தத் தாளிலேயே செய்திருந்தால் அதைப் பதிந்திருக்க வேண்டும். ஆனால் வாய்மொழியாகப் பிரித்துக்கொண்டு, "இப்படிப் பிரித்துக்கொண்டோம்" என்று நினைவுக்காகப் பின்னால் எழுதி வைத்தது என்றால் பதிவு தேவையில்லை. குடும்ப ஏற்பாடு பற்றி 1976-ல் உச்ச நீதிமன்றம் காலே வழக்கில் சொன்னது இன்றும் நிற்கிறது. அதற்கும் மேலாக, உங்கள் அப்பா தன் பாகத்துக்கு வந்த வீட்டை விற்றுக் காசாக்கியிருக்கிறார். "அந்தத் தாள் செல்லாது, ஆனால் வீடு விற்ற பணம் செல்லும்" என்று கோர்ட்டில் நீங்கள் நிற்க முடியாது. உங்கள் சித்தப்பா வக்கீல் முதல் நாளே இதைக் கேட்பார்.

அதே தாள் அத்தையைக் கட்டுப்படுத்தாது. அவர் அதில் கையெழுத்துப் போடவில்லை, அவருக்கு எதுவும் ஒதுக்கவும் இல்லை. எனவே இந்தக் குடும்பத்தில் மிக வலுவான கோரிக்கை யாருடையது என்றால், இதுவரை வாயே திறக்காத உங்கள் அத்தையுடையது.

#11 சாலையோரம்

நாற்பது வருடமாக சித்தப்பா அனுபவம். பன்னிரண்டு வருடம் தாண்டினால் அனுபவ பாத்தியம் வந்துவிடாதா? அத்தைக்கும் சேர்த்துத்தான் கேட்கிறேன்.

#12 ஓய்வுபெற்ற ஆர்.ஐ.

அந்நியன் விஷயத்தில் அப்படிப் பேசலாம். கூட்டுப் பாத்தியதைக்காரர் ஒருவர் அனுபவித்தால், அது எல்லோருக்காகவும் அனுபவித்ததாகத்தான் எடுத்துக்கொள்வார்கள். "உனக்கு இதில் பங்கு இல்லை, வெளியே போ" என்று அத்தையிடம் முகத்துக்கு நேராகச் சொல்லி, அதற்குப் பிறகு 12 வருடம் ஓடியிருந்தால்தான் அந்த வாதம் எடுபடும். பட்டா மாற்றமும் கிஸ்தி ரசீதும் மட்டும் அதற்குப் போதாது.

#13 அரைக்கிணறு

என் வழக்கு இதைவிட விநோதம். நான்கு தலைமுறையாகப் பத்திரம், பட்டா இரண்டும் எங்கள் பேரில். பழைய 1894 நில எடுப்புச் சட்டப்படி எடுத்தார்கள், அவார்டும் (இழப்பீட்டு உத்தரவு) எங்கள் பேரில் போட்டார்கள். இரண்டு வருடம் கழித்து, "பழைய செட்டில்மெண்ட் பதிவேட்டில் இது புறம்போக்கு, எனவே பணம் அரசுக்கே" என்று ஒரு கடிதம். எடுக்கும்போது எங்கள் நிலம், பணம் தரும்போது அரசு நிலமா?

#14 குமாஸ்தா

சாரதா தேவி எதிர் பிகார் அரசு, 2003. உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. அரசு தன் நிலத்தைத் தானே கையகப்படுத்த முடியாது. தனியார் நிலம் என்று ஏற்று, எடுத்து, அவார்டும் போட்ட பிறகு, 30-ம் பிரிவின் பெயரில் "இது எங்கள் நிலம்" என்று அரசே உள்ளே நுழைய முடியாது என்று அதில் வருகிறது. 18-ம் பிரிவுக்கும் 30-ம் பிரிவுக்கும் உள்ள வேறுபாட்டை அந்தத் தீர்ப்பு விளக்குகிற மாதிரி வேறு எங்கும் படித்ததில்லை. 18 என்பது அவார்டை ஏற்காதவர் கேட்பது, அதற்குக் கெடு உண்டு. 30 என்பது பங்குத் தகராறு, அதற்குச் சட்டம் கெடு எதுவும் வைக்கவில்லை. உங்கள் வக்கீலிடம் காட்டுங்கள்.

இந்த இழை படிக்கும் மற்றவர்களுக்கு: 1894 சட்டத்தின் 18, 30, 31 ஆகியவற்றின் இடத்தில் 2013 சட்டத்தில் 64, 76, 77 இருக்கின்றன. 2014 ஜனவரி 1 முதல் நடைமுறை. 64-க்கான கெடு, அவார்டு சொல்லும்போது நேரில் இருந்தவர்களுக்கு ஆறு வாரம். பலர் அவார்டு அன்று கையெழுத்துப் போட்டுவிட்டு, இந்த ஆறு வாரத்தை மறந்துவிடுகிறார்கள்.

#15 மேட்டுப்புஞ்சை

இரண்டு நாளாக எதுவும் எழுத மனமில்லை. வரப்போரம் அம்மா எழுதியது உறைத்தது. நேற்று அத்தையைப் போய்ப் பார்த்தேன். விளம்பரம் வந்ததே அவருக்குத் தெரியாது. எல்லாவற்றையும் சொன்னேன். "உங்க அப்பன் வீட்டை வித்தப்ப என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலை" என்றார். அவ்வளவுதான். காபி கொடுத்தார்.

ஒரு சந்தேகம். கோர்ட்டுக்கு அனுப்பினால் பணம் பதினைந்து வருடம் தூங்கும், அதற்கு இப்போதே சித்தப்பாவிடம் கிடைத்ததை வாங்கிக்கொள் என்கிறார் நண்பர் ஒருவர். உண்மையா?

இன்னொன்று: அந்த 48 சென்ட்டில் ஒரு கிணறு, மோட்டார் ரூம், ஒரு புளியமரம் எல்லாம் இருக்கிறது. கிணறு சித்தப்பா 1994-ல் தன் செலவில் வெட்டியது. புஞ்சை மேல் கூட்டுறவு சங்கத்தில் கடனும் வாங்கியிருக்கிறார்.

#16 குமாஸ்தா

தூங்கும் என்பது நிஜம். ஆனால் எப்படித் தூங்குகிறது என்பது உங்கள் கையில்.

கோர்ட்டில் பணம் கட்டிய அன்றோடு அரசின் வட்டிப் பொறுப்பு நின்றுவிடும். அதன் பிறகு அந்தப் பணம் கோர்ட் கணக்கில் வட்டி இல்லாமலும் கிடக்கலாம், தேசிய வங்கியில் நிரந்தர வைப்பிலும் கிடக்கலாம். யாராவது மனுப் போட்டால்தான் வைப்பில் போடுவார்கள். எங்கள் ஆபீஸுக்கு ஒரு கட்சிக்காரர் வந்தார். அண்ணன் தம்பி இருவரும் பதினோரு வருடம் முட்டிக்கொண்டார்கள். இரண்டு பக்கமும் வக்கீல் உண்டு, வாய்தா உண்டு, சாட்சி உண்டு. பணத்தை வைப்பில் போடச் சொல்லி ஒரு பக்க மனு கொடுக்க இருவருக்கும் தோன்றவில்லை. கடைசியில் செக் மனுப் போட்டு வாங்கும்போது, பதினோரு வருடம் முன் கட்டிய அதே தொகை, ஒரு ரூபாய் கூடவில்லை. தம்பி அந்த செக்கைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது இன்னும் கண்ணில் இருக்கிறது. எனவே கோர்ட்டில் முதல் தேதியிலேயே வைப்பு மனு. ஒன்று கட்டாயம்: முதிர்வுத் தேதி வந்தால் தானாகப் புதுப்பிக்கும்படி உத்தரவு கேளுங்கள்.

கிணறும் மோட்டார் ரூமும்: நிலத்துக்குத் தனி மதிப்பு, கட்டுமானத்துக்குப் பொதுப்பணித் துறை மதிப்பு, மரத்துக்குத் தோட்டக்கலை அல்லது வனத்துறை மதிப்பு என்று அவார்டில் வரிசை வரிசையாக வரும். சித்தப்பா தன் செலவில் வெட்டியது என்று காட்ட முடிந்தால் கிணற்றுப் பணத்தை அவருக்கு விட்டுவிடுவதுதான் நியாயம், கோர்ட்டும் அப்படித்தான் பார்க்கும். அதில் போய்ச் சண்டை போடாதீர்கள்.

கடன்: சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 73-ம் பிரிவு. அடமான நிலத்தை அரசு எடுத்தால், அடமானம் பிடித்தவர் இழப்பீட்டிலிருந்து தன் பாக்கியைக் கேட்கலாம். சங்கம் கட்டாயம் கடிதம் போடும். சித்தப்பா வாங்கிய கடன் சித்தப்பா பங்கிலிருந்து மட்டும் கழியட்டும் என்று உங்கள் மனுவில் ஒரு வரி சேருங்கள்.

#17 நடுக்காட்டான்

செக்கை அவர் வாங்கிவிட்டால் எல்லாம் முடிந்ததா? என் பெரியப்பா போன வருடமே வாங்கிவிட்டார், எங்களுக்கு அப்புறம்தான் தெரியும்.

#18 குமாஸ்தா

முடியவில்லை. 1894 சட்டத்தின் 31(2), 2013 சட்டத்தின் 77(2) இரண்டிலும் ஒரு நிபந்தனை வாசகம் இருக்கிறது: பணம் வாங்கியவர், சட்டப்படி உரியவருக்கு அதைக் கொடுக்க வேண்டிய பொறுப்பிலிருந்து தப்ப முடியாது. எனவே வழக்குப் போடலாம். ஆனால் நிலத்தின் மேல் இருந்த சண்டை இப்போது வெறும் பணச் சண்டை. பணத்துக்குக் கால்கள் உண்டு. வங்கியிலிருந்து மகள் கல்யாணத்துக்குப் போகும், மருமகன் கடைக்குப் போகும். பண வழக்குக்கு மூன்று வருடக் கெடு என்ற வாதத்தையும் எதிர்த்தரப்பு எடுக்கும். ஒரு வருடம் ஆகிவிட்டது என்கிறீர்கள், இன்னும் ஏன் இங்கே எழுதிக்கொண்டிருக்கிறீர்கள்? இன்றே போங்கள்.

#19 வரப்போரம்

எல்லோரும் கோர்ட்டையே பேசுகிறீர்கள். எங்கள் சண்டை கடைசியில் லோக் அதாலத்தில்தான் (மக்கள் நீதிமன்றம்) முடிந்தது. வழக்கு நிலுவையில் இருந்தாலும் போகலாம், போடுவதற்கு முன்பும் போகலாம். ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டால் அது சிவில் கோர்ட் டிக்ரிக்குச் சமம், மேல்முறையீடு கிடையாது. எனக்குச் சட்டப்படி வர வேண்டியதைவிடக் குறைவாகத்தான் வாங்கினேன். அண்ணன் அன்று மாலை ஆட்டோ பிடித்து ஏற்றிவிட்டான். அதற்கு முன் ஏழு வருடம் பேச்சில்லை.

ஒன்று மட்டும்: "அத்தை விட்டுக்கொடுத்துவிட்டார்" என்று யாராவது நோட்டரி தாளை நீட்டினால், அத்தை அதை வீட்டில் வைத்து இரண்டு நாள் படிக்கட்டும். என்னிடம் மாவு அரைத்துக்கொண்டிருந்தபோது கையெழுத்து வாங்கப் பார்த்தார்கள்.

#20 சாலையோரம்

இந்தப் பணத்துக்கு வருமான வரி உண்டா? என் மச்சானுக்குப் பிடித்துவிட்டார்கள்.

#21 குமாஸ்தா

2013 சட்டத்தின் 96-ம் பிரிவு விலக்கு தருகிறது. நெடுஞ்சாலைச் சட்டத்தில் எடுத்ததற்கு அது பொருந்துமா என்பதிலும், வட்டித் தொகையிலும் வாதங்கள் உண்டு. ஆடிட்டரைக் கேளுங்கள். இழை வேறு பக்கம் போகிறது.

#22 மேட்டுப்புஞ்சை

நான்கு மாதம் கழித்து வருகிறேன். யாருக்காவது உதவும் என்று எழுதுகிறேன்.

விசாரணை அன்று அத்தையும் நானும் தனித்தனியே ஆட்சேபணை கொடுத்தோம். தாத்தாவின் இறப்பு 1978-ல் பதிவே ஆகவில்லை. ஆர்.டி.ஓ. உத்தரவு வாங்கிப் பதிய ஆறு வாரம் ஆனது. அதற்குப் பிறகுதான் வாரிசுச் சான்று. அலுவலகத்தில் முதலில் மனுவை வாங்கவே தயங்கினார்கள். 2023 தீர்ப்பின் நகலைச் சேர்த்து நீட்டியதும் சீல் வைத்துக் கொடுத்தார்கள். ஆர்.ஐ. ஐயா சொன்னது போல, எங்கள் நம்பருக்குப் பக்கத்து நம்பரில் இருந்தவர் இறந்து முப்பது வருடம்.

அதன் பிறகு சித்தப்பாவே போன் செய்தார். கூர்ச்சீட்டை எடுத்து வந்தார். மடிப்பில் கிழிந்து, செல்லோடேப் ஒட்டி, பாலிதீன் கவரில் வைத்திருந்தார். அப்பா கையெழுத்தைப் பார்த்ததும் என்னால் எதுவும் பேச முடியவில்லை. வீடு விற்றதைச் சித்தப்பா ஒருமுறைகூடக் குத்திக்காட்டவில்லை என்பதையும் சொல்ல வேண்டும்.

ஒத்துக்கொண்டது இதுதான்: நிலத்துக்கான தொகையில் மூன்றில் ஒன்று அத்தைக்கு. கிணறு, மோட்டார் ரூம் சித்தப்பாவுக்கு. சங்கக் கடன் அவர் பங்கில். எங்கள் மூவருக்கும் சேர்த்து ஆறில் ஒன்று. மீதி சித்தப்பாவுக்கு. வழக்கில் போயிருந்தால் எங்களுக்கு ஒன்றுமில்லாமலும் போயிருக்கலாம் என்று எங்கள் வக்கீலே சொன்னார். 3-எச்(4)-படி பணம் கோர்ட்டுக்குப் போய், வைப்பிலும் போட்டாயிற்று. அடுத்த லோக் அதாலத்தில் கையெழுத்து.

எல்லாம் முடிந்தது என்று நினைத்தால், இப்போது புளியமரத்தில் நிற்கிறது. அவார்டு பட்டியலில் "புளி – 1" என்று தனி வரி. சித்தப்பா மகன் அது கிணற்றோடு சேர்ந்தது என்கிறான். அத்தை, கல்யாணத்துக்கு முன் தான் நட்டது என்கிறார். சட்டம் என்ன சொல்கிறது?

#23 ஓய்வுபெற்ற ஆர்.ஐ.

யார் நட்டாலும் மரம் நிலத்தோடு போகும். மூன்றில் ஒன்று, ஆறில் ஒன்று என்று நிலத்துக்குப் போட்ட அதே கணக்கு. ஒரு மரத்துக்காக லோக் அதாலத் தேதியைத் தள்ளிவிடாதீர்கள்.

#24 மேட்டுப்புஞ்சை

அத்தையிடம் சொன்னேன் ஐயா. அவருக்கு மரத்தின் பணம் வேண்டாமாம். வெட்டும்போது அடிக்கட்டை வேண்டுமாம்.

#25 ஓய்வுபெற்ற ஆர்.ஐ.

மரத்துக்குப் பணம் வாங்கிய பிறகு கட்டையும் நெடுஞ்சாலைக்காரர்களுடையதுதான், ஏலத்துக்குப் போகும். ஏலத் தேதியைக் கேட்டு வைத்துக்கொண்டு, எடுத்தவரிடம் அன்றைக்கே பேசுங்கள். லாரி ஏறிவிட்டால் கிடைக்காது.

#26 மேட்டுப்புஞ்சை

சரி ஐயா. சித்தப்பாதான் ஊரில் இருக்கிறார், அவரிடம் சொல்லியிருக்கிறேன். தானே போய் நிற்பதாகச் சொன்னார்.